ஜின்னியா: விதை போடுவதிலிருந்து இடைவிடாமல் பூ எடுப்பது வரை

முதல் முறை ஜின்னியா வளர்த்தபோது, வாங்கிய விதை அத்தனையையும் ஒரே நாளில் விதைத்துவிட்டேன். முளைத்தது, வளர்ந்தது, பூத்தது. மூன்று வாரம் தோட்டம் முழுக்க நிறமாக இருந்தது. அப்புறம் கீழ் இலைகளில் மாவு தூவியதுபோல் வெள்ளை படர்ந்தது, பூக்கள் சிறுத்தன, ஒரு மாதத்துக்குள் காய்ந்த குச்சிகள்தான் மிஞ்சின. பருவத்தில் பாதி இன்னும் பாக்கி இருந்தது. கையில் விதை ஒன்றுகூட இல்லை. அடுத்த தடவை சின்னத் தட்டில் நெருக்கமாக முளைக்க வைத்து, வேரைப் பிரித்து நட்டதில் பாதி நாற்று போய்விட்டது. மூன்றாவது தடவைதான் நான் நினைத்தபடி தொடர்ந்து பூ கிடைத்தது.

ஜின்னியாவை முளைக்க வைப்பது கடினமே இல்லை. பூவை நிற்காமல் வர வைப்பதில்தான் எல்லோரும் தடுமாறுகிறோம். அதற்கு வேண்டியது இரண்டு வேலைகள்: பூவைச் சரியான இடத்தில் வெட்டிக்கொண்டே இருப்பது, விதையைத் தவணை தவணையாகப் போடுவது. மற்றதெல்லாம் இந்த இரண்டுக்கும் துணை வேலைகள். வரிசையாகச் சொல்கிறேன்.

1. விதை வாங்கும்போது பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படியுங்கள்

ஜின்னியா என்ற ஒரே பெயரில் ஒரு சாண் உயரச் செடியும் இருக்கிறது, இடுப்பைத் தாண்டி வளரும் செடியும் இருக்கிறது. முன்பக்கப் படத்தில் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும். அதனால் பின்பக்கத்தில் நான்கு விஷயங்களைப் பாருங்கள்: செடியின் உயரம், செடிக்குச் செடி இடைவெளி, பூக்க ஆகும் நாட்கள், விதை பேக் செய்த ஆண்டு. இந்த நான்கும் இல்லாத பாக்கெட்டை நான் இப்போது வாங்குவதில்லை.

குவளையில் வைக்க நீளக் காம்போடு பூ வேண்டுமென்றால் உயர ரகங்கள். ‘பெனரிஸ் ஜயன்ட்’ ஒரு மீட்டர் அளவுக்கு வளரும், பூ உள்ளங்கை அகலம் வரும். ‘ஒக்லஹோமா’ வரிசையில் பூ சிறியது, ஆனால் ஒரு செடியில் நிறைய வரும். தொட்டிக்கும் பாத்தி ஓரத்துக்கும் குட்டை ரகங்கள்: ‘ட்ரீம்லேண்ட்’ சுமார் 30 செ.மீ., ‘தம்பெலினா’ அதைவிடக் குட்டை. அப்புறம் ‘ப்ரொஃப்யூஷன்’, ‘ஸஹாரா’ என்று இரண்டு வரிசைகள் உண்டு. சாதாரண ஜின்னியாவையும் ஒல்லி இலை ஜின்னியாவையும் கலந்து உருவாக்கியவை. இவற்றுக்கு இலை நோய் அவ்வளவு சுலபத்தில் வராது, வாடிய பூவைக் கிள்ளாமல் விட்டாலும் பூத்துக்கொண்டிருக்கும். பராமரிக்க நேரமே கிடைக்காது என்பவர்கள் கண்ணை மூடிக்கொண்டு இதையே வாங்கலாம். ஆனால் குவளையில் வைக்கக் காம்பு போதாது.

இரண்டு எச்சரிக்கைகள். நீல நிற ஜின்னியா என்று ஒன்று கிடையாது. நீலப் பூப் படம் போட்டு விற்றால் அதை நம்பி வாங்காதீர்கள். இரண்டாவது, பாக்கெட்டில் எஃப்1 என்று போட்டிருந்தால் அது கலப்பின விதை. செடி நன்றாக வரும், ஆனால் அதிலிருந்து நீங்கள் எடுக்கும் விதை அடுத்த முறை அதே பூவைத் தராது. சொந்தமாக விதை சேர்க்க நினைப்பவர்கள் எஃப்1 இல்லாததைத் தேடுங்கள்.

பாக்கெட்டைத் தூக்கிப் போடாதீர்கள். அதன்மேலேயே விதைத்த தேதியை எழுதி வையுங்கள். பின்னால் தவணைக் கணக்குப் போட அது ஒன்றுதான் உங்களிடம் இருக்கும் ஆவணம்.

2. பழைய விதையென்றால் பத்தை எடுத்துச் சோதியுங்கள்

ஈரம் படாமல் குளிர்ச்சியான இடத்தில் இருந்த ஜின்னியா விதை மூன்று நான்கு ஆண்டு வரை முளைக்கும். எப்படி வைத்திருந்தார்கள் என்று தெரியாத விதையை நேரே பாத்தியில் போட்டுவிட்டுப் பத்து நாள் வெறும் மண்ணைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டாம். ஈரமான காகிதத் துண்டில் 10 விதையை வைத்துச் சுருட்டி, ஒரு பையில் போட்டு வெதுவெதுப்பான இடத்தில் வையுங்கள். ஒரு வாரத்துக்குள் ஏழெட்டு முளைத்தால் தாராளமாக விதைக்கலாம். பாதிதான் முளைத்தது என்றால் இருமடங்கு விதை போடுங்கள். இரண்டு மூன்றுதான் முளைத்தது என்றால் புது விதை வாங்குவதே மேல்.

3. எதற்குச் செலவு செய்யலாம், எதற்கு வேண்டாம்

ஜின்னியா செலவு வைக்கும் செடி இல்லை. நல்ல விதை, மக்கிய உரம், கூர்மையான கத்தரிக்கோல், உயர ரகமென்றால் ஊன்ற நாலைந்து குச்சியும் கயிறும். இவ்வளவுதான். நான் ஆரம்பத்தில் நாற்றுத் தட்டு, வளர்ப்பு விளக்கு, பூக்க வைக்கும் திரவ உரம் என்று வாங்கியதில் ஒன்றுகூட இப்போது பயன்பாட்டில் இல்லை. கடையில் பூவோடு நிற்கும் ஜின்னியா நாற்றை வாங்குவதையும் யோசித்துச் செய்யுங்கள். ஒரு நாற்றின் விலையில் பெரும்பாலும் ஒரு பாக்கெட் விதையே வாங்கிவிடலாம். சின்னப் பையில் பூத்துவிட்ட நாற்றின் வேர் அதற்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கும். தரையில் வைத்தாலும் பெரிதாகக் கிளை விடாது.

4. இடம்

ஒரு நாளைக்கு 6 மணி நேரமாவது நேரடி வெயில் விழ வேண்டும், 8 மணி நேரம் என்றால் இன்னும் நல்லது. நிழலில் செடி வளரும், ஆனால் காம்பு நீண்டு சாயும், பூ குறையும், இலை நோய் முதலில் அங்கேதான் வரும். சுவரை ஒட்டி, மூலையில், காற்று நுழையாத இடத்தில் போடாதீர்கள்.

மண் எதுவானாலும் சமாளிக்கும். தண்ணீர் தேங்கக் கூடாது, அது ஒன்றுதான் நிபந்தனை. களிமண்ணென்றால் பாத்தியை ஒரு சாண் உயர்த்திக்கொள்ளுங்கள். மக்கிய தொழு உரமோ மண்புழு உரமோ இரண்டு விரற்கடை கனத்துக்குப் பரப்பி மேல் மண்ணோடு கலந்துவிட்டால் போதும்.

தொட்டியென்றால் அடியில் துளை இருக்க வேண்டும். குட்டை ரகம் மூன்று செடிக்கு 30 செ.மீ. அகலமும் அதே ஆழமும் உள்ள தொட்டி சரியாக இருக்கும். உயர ரகத்தைத் தொட்டியில் வைத்தால் காற்றில் சாய்ந்து உங்களைப் படுத்தும். தரை இருந்தால் தரையிலேயே போடுங்கள்.

5. எப்போது விதைப்பது, எத்தனை தடவை

தொடர்ந்து பூ வேண்டும் என்பவர்கள் மற்றதை விட்டாலும் இந்தப் பகுதியை விடாதீர்கள்.

ஜின்னியா வெப்பத்தை விரும்பும் செடி. மண் 20 டிகிரி செல்சியஸுக்கு மேல் வெதுவெதுப்பாக இருந்தால் 4 முதல் 7 நாளில் முளைத்துவிடும். குளிர்ந்த ஈர மண்ணில் விதை அழுகும். உறைபனி விழும் இடத்தில் இருப்பவர்கள், கடைசி உறைபனி கழிந்து இரவு வெப்பம் 10 டிகிரிக்குக் கீழே இறங்காத நிலை வந்தபின் விதையுங்கள். முதல் இளவெயிலைக் கண்டதும் அவசரப்பட்டு விதைப்பதால் ஒரு லாபமும் இல்லை. இரண்டு வாரம் தாமதமாக, வெதுவெதுப்பான மண்ணில் போட்டது முந்திப் போட்டதைப் பிடித்துவிடும். உறைபனியே இல்லாத இடமென்றால் நீங்கள் தவிர்க்க வேண்டியது அடைமழைக் காலத்தை. விதை அடித்துக்கொண்டு போகும், மிஞ்சியது தண்டடியில் அழுகும், தப்பித்தது இலைப்புள்ளியில் மாட்டும்.

இப்போது தவணைக் கணக்கு. விதைத்த நாளிலிருந்து முதல் பூவுக்கு உயர ரகங்களில் 60 முதல் 75 நாள், குட்டை ரகங்களில் 45 முதல் 60 நாள் ஆகும். ஒரு தவணைச் செடிகள் நன்றாகப் பராமரித்தால் ஆறேழு வாரம் முழு வீச்சில் பூக்கும். அதற்குப் பிறகும் பூக்கும், ஆனால் பூ சிறுக்கும், இலை கெடும். முதல் தவணை தளரும் நேரத்தில் இன்னொரு தவணை பூக்கத் தொடங்கியிருக்க வேண்டும். அதற்காக நான் செய்வது இது: பாக்கெட்டை நான்காகப் பிரிக்கிறேன், மூன்று வாரத்துக்கு ஒரு பங்கு போடுகிறேன். முதல் பங்கு முதல் நாள். பிறகு மூன்றாம், ஆறாம், ஒன்பதாம் வார முடிவில் மற்ற மூன்றும். நான்காவது பங்கை விதைக்கும் சமயத்தில்தான் முதல் பங்கு பூக்க ஆரம்பிக்கும். “இப்போதுதான் பூ வருகிறதே, இன்னும் எதற்கு விதை?” என்று அப்போது தோன்றும். அந்த எண்ணத்துக்கு இடம் கொடுத்தவர்களின் தோட்டம்தான் இரண்டு மாதம் கழித்து வெறுமையாக நிற்கிறது.

கடைசித் தவணைக்குப் பின்னாலிருந்து எண்ணுங்கள். உறைபனியோ அடைமழையோ தொடங்கும் நாளுக்கு 10 வாரம் முன்னால் கடைசி விதை மண்ணுக்குள் போயிருக்க வேண்டும். பகல் குறுகும் காலத்தில் ஜின்னியா சீக்கிரமே மொட்டு வைக்கும், ஆனால் செடி குட்டையாக நின்றுவிடும். கடைசித் தவணையில் காம்பு நீளம் குறைவதற்கு அதுதான் காரணம்; உங்கள் பிழை ஏதுமில்லை.

எல்லாத் தவணைக்கும் இடம் முதலிலேயே ஒதுக்கிவிடுங்கள். பாத்தியை முழுக்க நிரப்பிவிட்டு, மூன்று வாரம் கழித்து இடம் தேடி, பழைய செடிகளின் நடுவே விதை போட்டால் நிழலில் அது தேறாது.

6. விதைப்பு

நேரடியாகப் பாத்தியில் போடுவதே சிறந்தது. ஜின்னியாவுக்கு வேரைத் தொந்தரவு செய்தால் பிடிக்காது. அம்பு முனை போன்ற அந்தத் தட்டை விதையை ஊற வைக்க வேண்டியதில்லை. மண்ணை முதல் நாளே நன்றாக நனைத்துக்கொள்ளுங்கள். அரை செ.மீ. ஆழத்தில் ஒரு குழிக்கு இரண்டு விதை போட்டு, மண்ணால் லேசாக மூடி, உள்ளங்கையால் அமுக்கிவிடுங்கள். பூவாளியின் சன்னமான துளைகள் வழியாகத் தண்ணீர் விடுங்கள். குழாயை நேராகப் பிடித்தால் விதை எல்லாம் ஓர் ஓரத்தில் சேர்ந்துவிடும்.

முளைக்கும் வரை மேல் மண் காயக் கூடாது. வெயில் கடுமையாக இருந்தால் காலையும் மாலையும் லேசாக நனைக்க வேண்டியிருக்கும். பறவை விதையைத் தூக்கிப் போகிற இடமென்றால் முளைக்கும்வரை மெல்லிய வலையால் மூடிவையுங்கள். முளை வந்த முதல் பத்து நாள் நத்தைக்கு மிகப் பிடித்த நேரம். காலையில் போய்ப் பார்த்தால் நாற்று இருந்த இடத்தில் காம்பு மட்டும் இருக்கும். இருட்டியபின் டார்ச் எடுத்துக்கொண்டு போய்ப் பொறுக்குவதைவிட நம்பகமான வழி எனக்குத் தெரிந்து இல்லை.

நாற்று விட்டுத்தான் ஆக வேண்டும் என்றால், ஒரு விதைக்கு ஒரு காகிதக் குவளை. முளைத்து மூன்று நான்கு வாரத்தில், வித்திலைகளுக்கு (விதையிலிருந்து முதலில் விரியும் ஜோடி இலைகளுக்கு) மேல் இரண்டு ஜோடி நிஜ இலை வந்ததும், குவளையைக் கிழித்து எடுத்துவிட்டு மண் கட்டியோடு அப்படியே நடுங்கள். அதற்கு முந்தைய ஒரு வாரம் தினமும் சற்றுக் கூடுதல் நேரம் வெளியில் வைத்து வெயிலுக்குப் பழக்குங்கள்.

7. கலைப்பது

புதிதாக வருபவர்களுக்கு மனசு வராத வேலை இது. எனக்கும் வரவில்லை. இரண்டும் முளைத்த குழியில் நன்றாக இருப்பதை விட்டுவிட்டு மற்றதை மண்மட்டத்தில் கத்தரியுங்கள். பிடுங்கினால் பக்கத்து வேரும் அசையும். உயர ரகத்துக்குச் செடிக்குச் செடி 25 முதல் 30 செ.மீ., குட்டை ரகத்துக்கு 15 முதல் 20 செ.மீ. இடைவெளி வேண்டும். ஒரு சாண்கூட இல்லாத நாற்றுக்கு இவ்வளவு இடமா என்று தோன்றும். ஒன்றரை மாதத்தில் இலைகள் ஒன்றையொன்று தொடும்போது புரியும்.

8. நுனி கிள்ளுவது

உயர ரகச் செடி 25 செ.மீ. உயரம் வந்ததும், மூன்றாவது அல்லது நான்காவது ஜோடி இலைக்குச் சற்று மேலே நடுத்தண்டை வெட்டிவிடுங்கள். நுனியில் மொட்டு வந்திருந்தாலும் வெட்டுங்கள். ஜின்னியாவில் இலைகள் எதிரெதிராக ஜோடியாக வரும். ஒவ்வோர் இலையின் கக்கத்திலும் ஒரு கிளைக்கான முளை உறங்கிக்கொண்டிருக்கும். நுனி போனதும் அவை விழித்துக்கொண்டு கிளைக்கும். முதல் பூ ஒரு வாரம் பத்து நாள் தள்ளிப்போகும். ஆனால் கிள்ளாத செடி ஒற்றைத் தண்டில் ஒரு பெரிய பூவைத் தூக்கிக்கொண்டு நிற்கும் நேரத்தில், கிள்ளிய செடி நான்கைந்து கிளையில் மொட்டு வைத்திருக்கும். குட்டை ரகங்கள் தாமாகவே கிளைக்கும், அவற்றைக் கிள்ள வேண்டாம்.

9. தண்ணீர், உரம், ஊன்றுகோல்

மண்ணில் விரலை விட்டுப் பாருங்கள். இரண்டு விரற்கடை ஆழம் காய்ந்திருந்தால் தண்ணீர் விடுங்கள், இல்லையென்றால் வேண்டாம். காலையில், வேரடியில், ஆழமாக. தினமும் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளிப்பதைவிட வாரம் இரண்டு முறை நன்றாக நனைப்பது நல்லது. தொட்டிக்கு இது பொருந்தாது. கோடையில் தினமும் தேவைப்படலாம். செடி ஒரு சாண் வளர்ந்ததும் காய்ந்த இலையோ வைக்கோலோ மூடாக்குப் போட்டால் ஈரம் நிற்கும், மண் இலையில் தெறிக்காது.

உரத்தில் கையை அடக்குங்கள். தழைச்சத்து (நைட்ரஜன்) கூடினால் செடி கரும்பச்சையாகக் கொழுக்கும், பூ வராது. அடியுரம் போட்ட பாத்திக்கு, மொட்டு வைக்கும் நேரத்தில் ஒரு கைப்பிடி மண்புழு உரம் கூடுதலாகக் கொடுத்தால் போதும். உயர ரகங்களுக்குச் செடி முழங்கால் உயரம் வரும்போதே பாத்தியின் நான்கு மூலையிலும் குச்சி ஊன்றிக் கயிறு சுற்றிவிடுங்கள். சாய்ந்தபின் நிமிர்த்தினால் கிளை கணுவில் முறியும்.

10. பூ வெட்டுவது

ஜின்னியா ஓராண்டுச் செடி. விதை முற்றிவிட்டால் தன் வேலை முடிந்தது என்று பூப்பதைக் குறைத்துக்கொள்ளும். அதனால் ஒரு பூவையும் விதையாக விடாதீர்கள். குவளைக்கு வேண்டுமோ வேண்டாமோ, வெட்டுங்கள்.

எங்கே வெட்டுகிறோம் என்பதுதான் முக்கியம். பலர் வாடிய பூத்தலையை மட்டும் கிள்ளிப்போடுகிறார்கள். அப்போது ஒரு வெறும் காம்பு நிற்கும், அதன் கீழிருந்து வரும் கிளைகள் மெலிந்து குட்டையாக இருக்கும். காம்போடு கீழே வந்து, ஒரு ஜோடி இலைக்கு அரை செ.மீ. மேலே வெட்டுங்கள். அந்தக் கணுவிலிருந்து இரண்டு புதுக் கிளை வரும். எவ்வளவு கீழே வெட்டுகிறீர்களோ அவ்வளவு நீளக் காம்போடு அடுத்த பூ வரும். முதல் தடவை நடுப்பூவை இப்படி ஆழமாக வெட்டும்போது பக்கத்து மொட்டுகள் இரண்டும் சேர்ந்து போகும். போகட்டும். இரண்டு வாரத்தில் அவற்றுக்குப் பதிலாகத் தடித்த கிளைகள் வந்து நிற்கும்.

குவளைக்கு வெட்டுவதற்கு ஒரு சோதனை இருக்கிறது. பூவுக்கு ஒரு சாண் கீழே காம்பைப் பிடித்து லேசாக ஆட்டுங்கள். தலை துவண்டு ஆடினால் பூ இன்னும் முற்றவில்லை; வெட்டினால் அன்றே தலை தொங்கும். குச்சி மாதிரி விறைப்பாக நின்றால் வெட்டலாம். மொட்டாக வெட்டிய ஜின்னியா தண்ணீரில் விரியாது, நன்றாக மலர்ந்ததையே எடுங்கள். விடிகாலையில் வெட்டி, உடனே தண்ணீரில் போட்டு, தண்ணீரில் மூழ்கும் இலைகளை எல்லாம் உருவிவிடுங்கள். இரண்டு நாளைக்கு ஒரு முறை தண்ணீரை மாற்றினால் ஒரு வாரம் இருக்கும். ஃபிரிட்ஜில் வைக்காதீர்கள், கடுங்குளிரில் இதழ் கெட்டுவிடும்.

வாரத்துக்கு இரண்டு நாள் இதற்கென்று ஒதுக்குங்கள். ஒரு வாரம் வெளியூர் போவதாக இருந்தால், கிளம்பும் முன் மலர்ந்தது, பாதி மலர்ந்தது எல்லாவற்றையும் வெட்டிவிட்டுப் போங்கள்.

11. இலை நோய்கள்

இலையில் வெள்ளை மாவு படிந்தால் அது சாம்பல் நோய். இலையில் தண்ணீர் நிற்பதால்தான் இது வருகிறது என்று நானும் வெகுநாள் நினைத்திருந்தேன். உண்மையில் இந்தப் பூசணத்துக்கு இலை நனைந்திருக்க வேண்டியதில்லை. காற்றில் ஈரப்பதமும் நெருக்கமும் நிழலும் போதும். அதனால் சரியான மருந்து இடைவெளிதான். கீழ் இலைகளில் முதல் திட்டுத் தெரிந்ததும் அவற்றைக் கிள்ளி அப்புறப்படுத்துங்கள். நனையும் கந்தகம் (தண்ணீரில் கலந்து தெளிக்கும் கந்தகத் தூள்) தெளிப்பதென்றால் தொடக்கத்திலேயே தெளிக்க வேண்டும், முற்றிய நோய்க்குப் பலிக்காது. வெயில் உக்கிரமான நேரத்தில் தெளித்தால் இலை கருகும், மாலையில் தெளியுங்கள்.

பழுப்பு அல்லது செம்பழுப்புப் புள்ளிகள் வந்தால் அது இலைப்புள்ளி. இதில்தான் தண்ணீர் குற்றவாளி: துளி தெறித்துத் தெறித்துப் பரவும். பூசணத்தால் வருவதும் உண்டு, பாக்டீரியாவால் வருவதும் உண்டு. இரண்டும் விதை வழியாகவும் வரும். மோசமாகப் பாதித்த செடியை வேரோடு பிடுங்கி அகற்றுங்கள், உரக்குழியில் போட வேண்டாம். அடுத்த தவணை வந்துகொண்டிருப்பதால் ஒரு செடியை இழப்பது பெரிய விஷயமில்லை.

அசுவினி (சாறு உறிஞ்சும் சின்னப் பூச்சி) வந்தால் தண்ணீரைப் பீய்ச்சி அடியுங்கள், அதிலும் போகாவிட்டால் சோப்புக் கரைசல். தேனீயும் பட்டாம்பூச்சியும் நாள் முழுக்க வந்துபோகும் செடி இது. பூவின்மேல் எந்தப் பூச்சிக்கொல்லியும் தெளிக்காதீர்கள்.

12. விதை எடுப்பது

பருவம் முடிய ஒரு மாதம் இருக்கும்போது, நோயில்லாத செடிகளாகப் பார்த்து, உங்களுக்கு மிகப் பிடித்த ஐந்தாறு பூக்களை மட்டும் வெட்டாமல் விடுங்கள். ஒரு நூலைக் கட்டி அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் பழக்கத்தில் கை வெட்டிவிடும். பூத்தலை முழுக்கப் பழுப்பாகி, தொட்டால் சரசரவென்று ஒலிக்கும் வரை செடியிலேயே காயட்டும். மழை வரும்போல் இருந்தால் மட்டும் காம்போடு வெட்டி நிழலில் தொங்கவிடுங்கள்.

காய்ந்த தலையை உதிர்த்தால் ஒவ்வோர் இதழின் அடியிலும் ஒரு விதை ஒட்டிக்கொண்டிருக்கும். நடுவட்டத்திலும் தட்டையான விதைகள் இருக்கும். கையில் கனமாக, கெட்டியாக உள்ளதை வையுங்கள். காகிதம்போல் மெலிந்தது முளைக்காது. தேனீக்கள் மகரந்தத்தைக் கலந்திருக்கும் என்பதால் நிறம் சற்று மாறி வரலாம். ஒரு வாரம் நிழலில் உலர்த்திக் காகித உறையில் போட்டு, ரகத்தின் பெயரையும் எடுத்த மாதத்தையும் ஆண்டையும் எழுதுங்கள். பிளாஸ்டிக் பையில் மிச்ச ஈரம் தங்கினால் பூஞ்சை பிடிக்கும். அந்த உறையை இப்போதே நான்காகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் விதைக்க வேண்டிய வாரத்தை எழுதி வைத்துவிட்டால், அடுத்த பருவத்தில் ஒரே நாளில் எல்லாவற்றையும் போட்டுவிடத் தோன்றாது.